எதிர்க்கடை வில்லன்

"ஐயோ... முதலாளி...!"

சாலை பஜாரின் இரைச்சலைக் கிழித்துக்கொண்டு வந்தது அந்த அலறல்.

மணி காலை பதினொன்றரை. வருடம் 1999.

அலறியவர் வேல்சாமி. சாம்பசிவன் மெஸ்ஸின் தோசை மாஸ்டர். கையில் தோசைக் கரண்டியோடு தெருவுக்கு ஓடி வந்து நின்றார்.

கல்லாவுக்குப் பின்னால் ஒரு சின்ன ஆபீஸ் அறை. அங்கே முதலாளி சாம்பசிவன் குப்புறக் கிடந்தார். பின்மண்டையில் ரத்தம்! பக்கத்தில் உருண்டு கிடந்தது ஒரு வெள்ளிக் கோப்பை. அவர் கால்பந்து ஆடிய காலத்தில் வாங்கிய கோப்பை.

மூச்சு இருந்தது. இருக்கிறதா இல்லையா என்று கேட்கிற மாதிரி இருந்தது.

ஆம்புலன்ஸ் போனது. பஜாரே திரும்பி எதிர்க்கடையைப் பார்த்தது.

எதிர்க்கடை போர்டில் கொட்டை எழுத்தில்... செல்வின் மெஸ்.

"அவனேதான்!" என்றார் மிளகாய் மண்டிக்காரர். "வேற ஆரு செய்வா?"

யாரும் மறுக்கவில்லை. மறுக்க என்ன இருக்கிறது?

பத்து வருடத்துக்கு முந்தி, ஒரு கால்பந்து பைனலில், செல்வினின் வலது முழங்காலை உடைத்தவர் இந்த சாம்பசிவன். பந்து ஒரு பக்கம் போனது... சாம்பசிவனின் பூட்ஸ் இன்னொரு பக்கம் போனது! இருபத்துநாலு வயதில் செல்வினின் ஆட்டம் முடிந்தது.

அன்றைக்கு ஆரம்பித்தது பழி.

சாம்பசிவன் ஸ்போர்ட்ஸ் கடை வைத்தார். மூன்றே மாதத்தில் எதிரே செல்வின் ஸ்போர்ட்ஸ்! சாம்பசிவன் மூடினார்.

சாம்பசிவன் வீடியோ லைப்ரரி வைத்தார். எதிரே செல்வின் வீடியோஸ். ஒரு காசெட் எடுத்தால் ஒன்று இலவசம்! சாம்பசிவன் மூடினார்.

சாம்பசிவனுக்கு ஒரு மலையாளப் படத்தில் போலீஸ்காரர் வேஷம் கிடைத்தது. மறுநாளே அதே கம்பெனியில் போய் நின்றான் செல்வின். அந்தப் போலீஸ்காரரை அறைகிற ரவுடி வேஷம்! டைரக்டருக்கு முதல் டேக்கே போதும். செல்வினுக்குப் போதவில்லை. அடி சரியாக விழவில்லை என்று அவனே தலையை ஆட்டி ஆட்டி, பதினோரு டேக் வாங்கினான்.

அந்த அறை அவனைத் தூக்கிவிட்டது. பதினாலு படத்தில் வில்லன்! ஆறடி உடம்பு. இடி மாதிரிக் குரல். அவன் திரையில் "எடா...!" என்றால் கைக்குழந்தை அழுகையை நிறுத்தும்.

கடைசியில் சாம்பசிவன் மெஸ் வைத்தார். எதிரே என்ன வந்தது என்று உங்களுக்கே தெரியும். இங்கே மசால் தோசை பத்து ரூபாய் என்றால், அங்கே ஒன்பதே முக்கால்.

எஸ்.ஐ. ஆறுமுகநயினார் ரத்தத்தைப் பார்த்தார். கோப்பையைப் பார்த்தார். பிறகு சாம்பசிவனின் அக்கா மகன் ஜெயந்தைப் பார்த்தார். மெட்ராஸிலிருந்து வந்து ஒரு வருடமாக மாமாவுக்குக் கடையில் ஒத்தாசை.

"சொல்லும் தம்பி. என்ன நடந்தது?"

ஜெயந்த் கண்ணைத் துடைத்துக்கொண்டான். "பத்தே முக்காலுக்கு போன் வந்தது சார். நான்தான் எடுத்தேன். செல்வின் பேசினான். 'உன் மாமன் கிட்ட சொல்லு... இன்னிக்குக் கடைசி விசில்'னான்!"

"செல்வின்தான்னு எப்படித் தெரியும்?"

"அந்தக் குரல் யாருக்கு சார் தெரியாது? சினிமால கேக்கற அதே இடி!"

"ஆராவது மிமிக்ரி காட்டி இருக்கலாம் அல்லே? நம்ம ஊர்ல வீட்டுக்கு ஒரு ஆள் உண்டு."

"இல்ல சார்! நேத்து நேர்லயே வந்தான். கல்லாகிட்ட நின்னு, 'உன்னை விடமாட்டேன்டா'ன்னு கத்தினான். அதே குரல்! நான் மூணடி தள்ளி நிக்கறேன். இன்னிக்கு போன் வந்ததும் நான் தேங்கா வாங்கப் போயிட்டேன். திரும்பி வந்தா..." விம்மினான்.

ஆறுமுகநயினார் மீசையைத் தடவினார்.

"இதையெல்லாம் அப்படியே எழுதி, ஒப்புப் போட்டுத் தாரும், கேட்டோ. ஒரு வரி விடாம!"

ஜெயந்த் எழுதினான். கையெழுத்தும் போட்டான்.

எதிர்க்கடையின் பின்கட்டில் செல்வின் பனியனோடு இரும்புக் குண்டு தூக்கிக்கொண்டிருந்தான். காலையிலிருந்து தனியாக. சாட்சிக்கு ஒரு ஈ, காக்கை இல்லை!

விலங்கு மாட்டினார்கள். செல்வின் வாயைத் திறக்கவில்லை.

ஜீப்பில் ஏற்றினார்கள். திறக்கவில்லை.

கேபிள் டி.வி. காமிரா மூக்குக்கு நேரே வந்தது. அப்போதும் திறக்கவில்லை!

பேசியதெல்லாம் அவன் மேனேஜர் அழகியநம்பிதான். "முதலாளிக்குத் தொண்டை சரியில்ல. வழி விடுங்க... வழி விடுங்க!"

ஸ்டேஷன் பெஞ்சில் உட்கார்ந்ததும் நம்பி அவன் காதைக் கடித்தார்.

"முதலாளி... வெளியாளுக முன்னால நீங்க பேசினா இப்பக் கையில இருக்க மூணு படமும் போச்சு. ஒப்பந்தத்துலயே எழுதியிருக்கு. வக்கீல் வாராரு. அதுவரைக்கும் மூச்சு விடப்படாது!"

பேசினால் சினிமா போகும். பேசாவிட்டால் ஜெயில். செல்வின் பல்லைக் கடித்தான். பிறகு மேஜையிலிருந்த காகிதத்தை இழுத்து எழுதி, எஸ்.ஐ. பக்கம் தள்ளினான்.

'சாம்பசிவன் பிழைப்பானா?'

"நாளை காலை தாண்டணும்னு டாக்டர் சொல்லுகாரு" என்றார் ஆறுமுகநயினார். "தாண்டலேன்னா இது கொலைக் கேஸ். எதுக்குக் கேக்கீரு? செத்தானான்னு சந்தோஷப்படவா?"

செல்வினின் கண் சிவந்தது. பேனாவைக் கீழே வைத்தான். அது இரண்டாக உடைந்திருந்தது!

"ஜெயந்தைக் கூப்பிடுங்க" என்றார் எஸ்.ஐ.

ஜெயந்த் வந்தான். செல்வினைப் பார்த்ததும் சுவரோரம் ஒதுங்கினான்.

"தம்பி, நேத்து நேர்ல வந்து கத்தினதும், இன்னைக்கு போன்ல பேசினதும் ஒரே குரல்தானே?"

"அதே குரல்தான் சார்! கோர்ட்லயும் வந்து சொல்றேன்!"

"சரி. செல்வின்... அந்தக் கடைசி விசில் வாசகத்தை ஒருக்கச் சொல்லும். கேட்டுப் பார்ப்போம்."

நம்பி துள்ளி எழுந்தார். "சார்! தொண்டை...!"

"பத்து வருஷமாவா தொண்டை சரியில்ல?"

ஜன்னலுக்கு வெளியே காமிராக்காரன் மைக்கை நீட்டிக்கொண்டிருந்தான். நம்பி இரண்டு கையையும் கூப்பி, வேண்டாம் என்று தலையாட்டினார்.

செல்வின் ஜெயந்தைப் பார்த்தான். மூன்று படம். ஒரு உயிர். அதுவும் அவனுடைய எதிரியின் உயிர்! வராத போன் வந்தது என்கிறவன்தான் அடித்தவன். மூன்றடி தள்ளி நின்று கண்ணைத் துடைக்கிறான். இதை விடுவதா?

வாயைத் திறந்தான்.

"ஏலேய்... நான் ஒனக்கு எப்பம்லே போன் போட்டேன்?"

ஸ்டேஷனே திகைத்தது!

கீச்சுக் குரல்! எண்ணெய் காணாத கிணற்றுக் கப்பி மாதிரி! மார்த்தாண்டத்துத் தமிழ் வேறு. ஒரு கான்ஸ்டபிள் சிரிப்பை அடக்க முடியாமல் பைலில் முகத்தைப் புதைத்துக்கொண்டார்.

ஜெயந்தின் முகம் வெளுத்தது. "ந... நடிக்கறான் சார்! குரலை மாத்திப் பேசறான்!"

"இது எனக்க சொந்தக் குரலுலே! சினிமால கேக்குதது வேற ஆளு!"

"நிசந்தான் சார்..." நம்பி தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். "பதினாலு படத்துக்கும் டப்பிங் ஒரே ஆளு. மெட்ராஸ்ல இருக்காரு. அவருக்குத் தொண்டையில ஆபரேஷன் ஆகிப் பதினெட்டு நாளாச்சு. காப்பி வேணும்னாக்கூட எழுதித்தான் காட்டுகாரு!"

ஜெயந்த் கையெழுத்துப் போட்ட அந்தக் காகிதத்தை ஆறுமுகநயினார் எடுத்து ஆட்டினார்.

"போன்ல பேசினது மிமிக்ரின்னு இப்பச் சொல்லலாம். ஆனா நேத்து மூணடி தூரத்துல நின்னு இடிக்குரல் கேட்டேன்னு எழுதிக் கொடுத்தீரே... அது எந்த செல்வின்?"

ஜெயந்த் உதட்டை நக்கினான். "மாமா சொல்லிட்டேதான் இருந்தார்... அவன் குரல் சினிமால வர்ற மாதிரி இருக்காதுன்னு. பொறாமையில பேசறார்னு நினைச்சேன்..."

அடுத்த வினாடி, வாசலைப் பார்த்துப் பாய்ந்தான்!

பெஞ்சிலிருந்து ஒரு கால் நீண்டது. வலது கால். பத்து வருடமாக மடங்க மறுக்கிற அதே கால்!

ஜெயந்த் வாசற்படியில் போய் விழுந்தான். முன்பல் ஒன்று காமிராவுக்கு முன்னால் தெறித்தது.

உண்மை கொட்டியது. மெஸ் இருக்கிற இடத்தில் அடுக்குமாடி கட்ட ஒரு பில்டர் கேட்டிருக்கிறான். விற்றுக் கொடுத்தால் ஜெயந்துக்கு ஒரு பிளாட். சாம்பசிவன் அசையவில்லை.

"'எதிர்க்கடை மூடற வரைக்கும் நான் இந்த இடத்தை விட்டு நகர மாட்டேன்'னார் சார்! வருஷம் பூரா இதே பேச்சு! அதான்... கோப்பையை எடுத்து..."

செல்வின் விலங்கோடு எழுந்தான். அவனைப் பிடிக்க மூன்று பேர் வேண்டியிருந்தது.

"அவன் எனக்க எதிரியாக்கும்லே!" கீச்சுக் குரல் கூரையைத் துளைத்தது. "பத்து வருஷமா நான் பொத்திப் பொத்தி வச்சிருந்த எதிரி! தெனம் காலையில ஷட்டரைத் தூக்கினா அவன் எனக்க போர்டைப் பாக்கணும். பாத்துப் பாத்து எரியணும். ஒரே அடியில அவன் போயிட்டான்னா எனக்கு என்னலே மிச்சம்? அவனத் தொடுகதுக்கு நீ ஆருலே?"

யாரும் சிரிக்கவில்லை. அந்தக் குரலில் அழுகை இருந்தது.

டெலிபோன் அலறியது!

ஆறுமுகநயினார் எடுத்தார். கேட்டார். முகம் மலர்ந்தது.

"ஆஸ்பத்திரியிலேர்ந்து. சாம்பசிவன் கண்ணு முழிச்சாச்சு! டாக்டர் சொன்ன கெடுவுக்கு முந்தியே!"

செல்வின் மூச்சை விட்டான். "ஏதும் பேசினானா?"

"பேசினாராம். முதல் வார்த்தையே... 'எதிர்க்கடையில இன்னைக்குக் கூட்டம் உண்டா?'ன்னு."

செல்வினின் முகத்தில் முதல் தடவையாகச் சிரிப்பு வந்தது. நல்ல சிரிப்பு இல்லை. வில்லன் சிரிப்பு.

"நாளையிலேர்ந்து மசால் தோசை ஒம்பதரைன்னு போய்ச் சொல்லச் சொல்லும்! அவன் சீக்கிரம் எந்திரிச்சு வரட்டு!"

விலங்கைக் கழற்றினார்கள். நம்பி மூக்கை உறிஞ்சினார். "மூணு படம் போச்சே முதலாளி... ஆமா சார், ஒங்களுக்கு இந்தக் குரல் விசயம் முந்தியே தெரியுமோ?"

"பின்னே?" ஆறுமுகநயினார் பெருமையாகச் சிரித்தார். "போலீஸ்ல சேருகதுக்கு முந்தி நான் புட்பால் மேட்சுல லைன்ஸ்மேன் அல்லே? கோட்டு ஓரத்துல ஓடினவனுக்குத் தெரியாதா? நான் கொடி தூக்கினா இவரு கீச்சுனு கத்துவாரு. காது ரெண்டு நாளைக்கு வலிக்கும்!"

வாசல் வரை போய்விட்ட செல்வின் நின்றான். மெதுவாகத் திரும்பினான்.

"எந்த மேட்சு?"

"அதுதான்... எண்பத்தொம்பது பைனல். நீரு ஒரு கோல் போட்டீரு. நான் ஆஃப்சைடுன்னு கொடி..."

ஆறுமுகநயினார் பாதியில் நிறுத்திக்கொண்டார். கொஞ்சம் லேட்!

செல்வின் அவரையே பார்த்தான். மேலிருந்து கீழாக. கீழிருந்து மேலாக. ஸ்டேஷன் சுவரை, கூரையை, வாசலில் தொங்கிய போர்டைப் பார்த்தான். பிறகு மேனேஜர் பக்கம் குனிந்து கீச்சினான்.

"நம்பி... இந்த ஸ்டேஷனுக்கு எதிர்த்தாப்ல எடம் ஏதும் காலியாக் கெடக்கா?"