சங்கத்து வெளிச்சம்

அடுப்பு எரியும் சத்தம் கேட்டது. நெருப்பைத்தான் காணோம்.

சுபாஸ்ரீ குனிந்து பார்த்தாள். காஸ் வழக்கம்போல உஸ்ஸென்று சீறிக்கொண்டிருந்தது, பால் சூடேறி ஆடை கட்டும் வாசனை வந்தது, கையைக் கிட்டே கொண்டுபோனால் விரல் நுனி சுட்டது, ஆனால் பர்னருக்கு மேலே நீலமாக எதுவும் இல்லை. காலை மணி ஒன்பதரை. ஜன்னலுக்கு வெளியே ஓடைப்பட்டியின் திராட்சைப் பந்தல்கள்மேல் வெயில் வெள்ளையாக அடித்துக்கொண்டிருந்தது. அந்த வெயில் ஜன்னல் கம்பி வரை வந்து, வாசலில் தடுத்து நிறுத்தப்பட்ட ஆள் மாதிரி அங்கேயே நின்றது.

அடுப்பைத் தடவி அணைத்துவிட்டுச் சாமி அலமாரிக்கு ஓடினாள்.

கம்பம் பள்ளத்தாக்கில் வெளிச்சம் ஒளியர் சங்கத்துக்குச் சொந்தம். சங்கத்தார் மேகமலை உச்சியில் விடியலைப் பிடித்துக் கண்ணாடிக் குடுவைகளில் அடைப்பார்கள்; அரக்கு முத்திரை வைத்து வீட்டுக்கு ஒன்று தருவார்கள். குடுவை இருக்கிற வீட்டில்தான் விளக்கு எரியும், வெயில் நுழையும். ஒரு வீட்டு வெளிச்சத்தை இன்னொரு வீட்டோடு பங்கு போடக்கூடாது. அது ஒன்றுதான் சட்டம்.

நேற்று அந்தியில் அவள் புருசன் முத்துக்குமரன் முத்திரையை உடைத்தான். சங்கத்தை எதிர்த்துப் பேசியதற்காக அவன் அக்கா அக்கம்மாள் வீட்டுக் குடுவையை எடுத்துப் போயிருந்தார்கள். "நாலு நாளா இருட்டுக்குப் பயந்து வாசல்லயே உக்காந்திருக்குடி. நான் எப்பிடிச் சோறு திங்கிறது?" என்று சொல்லிக்கொண்டே பாதி வெளிச்சத்தைத் தூக்குவாளியில் சரித்தான். சுபாஸ்ரீ தடுக்கவில்லை. சிந்திவிடாமல் குடுவையைப் பிடித்துக்கொண்டதே அவள்தான்.

சாமி அலமாரியில் வைத்த மீதிப் பாதி காலையில் எழுந்தபோதுகூடப் பொன்னாக மின்னியது. இப்போது குடுவைக்குள் சாம்பல் கரைத்த தண்ணீர் மாதிரி ஏதோ கிடந்தது. அவள் பார்க்கப் பார்க்க அதுவும் மங்கியது.

முற்றத்தில் மொபெட் வந்து நிற்கும் சத்தம். சுபாஸ்ரீ வெளியே வந்தாள்.

சங்கத்துக் குருசாமிதான். வெள்ளைச் சட்டை, நெற்றியில் விபூதி, கேரியரில் தடித்த தோல் பை. வண்டியை விட்டு இறங்கவில்லை.

"முத்துக்குமரன் இல்லையா தாயி?"

"கம்பத்துக்கு லோடு ஏத்திப் போயிருக்காக."

"முத்திரை உடைஞ்சிருக்கு."

அவர் கேட்கவில்லை. சொன்னார்.

"தப்புத்தான்யா. அவுக அக்காவுக்காகத்தான் செஞ்சாக. திருப்பி எடுத்துக்கிடுங்க. மதினிகிட்டயும் நானே கேட்டு வாங்கித் தாரேன்."

"வாங்கியாச்சு தாயி. அங்கனயும் வாங்கியாச்சு, இங்கனயும் வாங்கியாச்சு." தோல் பையை லேசாகத் தட்டினார். தையல் இடுக்கில் பொன்னிறமாக ஒரு கோடு துடித்தது.

"மதினி எப்பிடி இருக்காக?"

குருசாமி அவள் தோளுக்குப் பின்னால் வீட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். அவளும் திரும்பினாள். நிலைப்படியில் வெயில் கத்தியால் அறுத்த மாதிரி முடிந்தது. அதற்கப்பால் கூடம் தெரியவில்லை, நாற்காலி தெரியவில்லை, சுவர் தெரியவில்லை.

"உள்ள யாரும் இருக்காகளா?"

"பாப்பா தூங்குது. காய்ச்சல்."

அவர் முகம் மாறியது. முதல் தடவையாக அவருக்கும் பயம் வந்ததைப் பார்த்தாள்.

"ஆள் இருக்குன்னு யாரும் சொல்லலையே..." வண்டியை உதைத்துக் கிளப்பினார். "போயிக் கூட்டிட்டு வா தாயி. சீக்கிரம் போ. வெளிச்சத்த எடுக்கிறது மட்டுந்தான் எங்க வேல. அது போன எடத்துல என்ன வந்து புகுந்தாலும் அதுக்கு நாங்க பொறுப்பில்ல."

அவள் அதற்குள் ஓட ஆரம்பித்திருந்தாள்.

படியைத் தாண்டியதும் முதுகில் அடித்த வெயிலின் சூடு, யாரோ துணியை உருவியது போலப் போய்விட்டது. செல்போன் டார்ச்சைத் தட்டினாள். போன் கையில் அதிர்ந்தது, வெளிச்சம் வரவில்லை. தெரிந்த வீடுதான், கூடத்தைக் கடக்க எட்டு அடி, இடப்பக்கம் பீரோ, அப்புறம் அறை. ஆனால் தூர்ந்த கிணற்றின் வாடை அடித்தது, ஈரச் சாக்கை மூக்கில் அழுத்தியது போல. எட்டு அடி நடந்தாள். சுவர் வரவில்லை. பத்து. பதினைந்து. விரித்த கைகளில் பீரோவும் படவில்லை.

"திரிஷா!"

மூச்சுவிடும் சத்தம் கேட்டது. பாப்பா காய்ச்சலில் விடும் அதே சிறு மூச்சு. கட்டில் பக்கமிருந்து. அப்புறம் கூரையிலிருந்து. அப்புறம் அவள் காதோரம்.

கால் கட்டிலில் இடித்தது. போர்வை. பிஞ்சுக் கால். கொலுசு. சில்லென்றிருந்தது.

அள்ளித் தூக்கினாள். இரண்டு கைகள் அவள் கழுத்தைக் கட்டிக்கொண்டன.

ஓடினாள்.

தூரத்தில் வாசல். பொட்டு மாதிரி. இடித்தாள். விழப் பார்த்தாள். மூச்சு முட்டியது. வாசல் பெரிதாகியது. நிலைப்படி. முற்றம்.

வெயில்.

குருசாமி இல்லை. மொபெட்டின் புகை மட்டும் மிதந்தது. முதுகு சுட்டது, தலை சுட்டது. சுபாஸ்ரீ மண்ணில் உட்கார்ந்து மகளின் முகத்தைப் பார்த்தாள்.

முகம் இல்லை.

மடியில் பாப்பாவின் கனம் இருந்தது, அவளுடைய பவுடர் வாசனை இருந்தது, கழுத்தைச் சுற்றி அவள் கைகள் இருந்தன. வெயில் மட்டும் அவள்மேல் விழவில்லை. ஏழு வயதுப் பிள்ளையின் உருவத்தில் பகலை வெட்டி எடுத்துவிட்ட மாதிரி, அங்கே ஆழமாக, அடி தெரியாமல் இருட்டு இருந்தது.

"அம்மா," என்றது திரிஷாவின் குரல், உள்ளே வெகு தூரத்திலிருந்து. "இங்கன ஒண்ணுமே தெரியலம்மா. எப்பம்மா வெளிய போவோம்?"

"வந்துட்டோம் கண்ணு." சுபாஸ்ரீ பிள்ளையின் முதுகைத் தடவினாள். "வெளியதான் இருக்கோம்."

"பொய் சொல்ற. பக்கத்துல யாரோ இருக்காகம்மா. அத்தை மாதிரி பேசுறாக."

சுபாஸ்ரீ பிள்ளையை இன்னும் இறுக்கி அணைத்தாள். அணைத்த கைகளில் விரல்கள் மறைந்திருந்தன. மணிக்கட்டு மறைந்தது. வளையல்கள் ஒவ்வொன்றாக மறைந்தன. வலிக்கவில்லை. பந்தல்களின் மேல் வெயில் கொளுத்திக்கொண்டிருந்தது. அவள் கையை எடுக்கவில்லை. இருட்டு முழங்கையைத் தாண்டித் தோளை நோக்கி ஏறிக்கொண்டிருந்தது.