இழுப்பறையின் அடிப்பக்கம்

அந்தப் பெண்மணி மருந்துக் கடையிலிருந்து நேராக வந்திருந்தார். வெள்ளை மேலங்கியைக்கூடக் கழற்றவில்லை. குள்ளமான உருவம். துப்பறிவாளருக்கு எதிரே நாற்காலி நுனியில் அமர்ந்து, நீதிமன்ற அழைப்பாணையை மேசைமேல் வைத்தார்.

“அப்பா ஆரம்பிச்ச அட்டைப்பெட்டி கம்பெனி சார். அண்ணனும் நானும் டைரக்டர். நான் பேருக்குத்தான். காகிதம் சப்ளை பண்ணவருக்குக் கொடுத்த செக் பணமில்லாம திரும்பிடுச்சு. கேஸ் போட்டுட்டாரு. இப்ப அண்ணன், ‘அப்பா போனதுலேர்ந்து நிர்வாகம் பூரா தங்கச்சிதான்’னு கையை விரிக்கிறான்.”

“செக்குல யார் கையெழுத்து?”

“கணக்கர் போட்டது. நான் சொல்லித்தான் போட்டாராம்! ஜெயில்னு வந்துட்டா என் மருந்துக் கடை வேலையும் போச்சு சார்.”

துப்பறிவாளரின் மனைவிக்குத் தம்பி ஒருவர் உண்டு. பணி ஓய்வுக்குப் பின் தாமும் துப்பறிவாளரே என்று தமக்குத்தாமே முடிவு செய்துகொண்டவர். பக்கத்தில் அமர்ந்திருந்த அவர் துள்ளி எழுந்தார். “டைரக்டர்னு பேர் இருந்தாலே உள்ள தள்ளிடுவாங்களா அத்தான்?”

“பேர் மட்டும் பத்தாது மாப்பிள்ளை. அந்தச் சமயத்துல கம்பெனியை நடத்துனது யாருன்னு கேப்பாங்க. நாமளும் அதைத்தான் கேக்கணும். கிளம்புங்க.”

தொழிற்கூடத்தின் மாடியில் இருந்தது நிர்வாக அறை. அண்ணன் நெடுநெடுவென்று வளர்ந்தவர். வாசலிலேயே நின்று கைகாட்டினார். கணக்கர் சுவரோரமாக ஒதுங்கி நின்றார். மேசைமேல் தங்கையின் பெயர்ப்பலகை பளபளத்தது.

“பாத்துக்குங்க சார். அப்பா காரியம் முடிஞ்ச கையோட இந்த ரூமை இவகிட்ட ஒப்படைச்சேன். பழைய மேசை பிடிக்கலைன்னு அதுக்கப்புறம் இவளே புதுசா செய்யச் சொன்னா. பில்லுகூட இவ பேர்லதான் இருக்கு. நான் கீழே மெஷினோட கிடக்கறவன். இந்தப் பக்கம் எட்டிக்கூடப் பாக்கறதில்ல.”

“பொய்! இந்த மேசையை இன்னைக்குத்தான் நான் பாக்கறேன்!” என்றார் தங்கை.

“இந்த நாற்காலியில வேற யாராவது உக்காருவாங்களா?” என்று துப்பறிவாளர் அமைதியாகக் கேட்டார்.

“சேச்சே, இவ மட்டும்தான். கணக்கர் நின்னுக்கிட்டேதான் கையெழுத்துப் போடுவாரு.”

கணக்கர் தலையசைத்தார், நிமிரவில்லை.

மைத்துனர் நாற்காலியைச் சுற்றி வந்து கூவினார்: “அத்தான், மாட்டிக்கிட்டாரு! நாற்காலி எவ்வளவு உசரம் பாருங்க. இந்தம்மா உக்காந்தா காலு அந்தரத்துல தொங்கும்!”

“பக்கத்துல ஒரு விசை இருக்கு, மாப்பிள்ளை. அதை அழுத்தினா ஏறும், இறங்கும். உங்க வீட்டு நாற்காலி மாதிரி ஒரே பிடிவாதமா நிக்காது.”

மைத்துனரின் முகம் சுருங்கியது. துப்பறிவாளரின் கையிலிருந்து பேனா நழுவித் தரையில் விழுந்தது. குனிந்து எடுத்தவர் மேசையின் அடியைச் சற்று நேரம் பார்த்தார். நடு இழுப்பறையின் அடிப்பலகையில், உள்ளங்கை அகலத்துக்கு மெருகு தேய்ந்து வெறும் மரம் தெரிந்தது.

“செக் புத்தகம் எங்க இருக்கும்?”

“அந்த நடு டிராயர்லதான் சார்” என்று கணக்கர் சாவியை நீட்டினார்.

தங்கை சாவியைத் திருப்பி இழுத்தார், இழுப்பறை அசையவில்லை. அண்ணன் சிரித்தார். “நடிப்பைப் பாருங்க!”

மைத்துனர் இரு கைகளாலும் பற்றி இழுத்தார். மேசையே ஓர் அடி நகர்ந்தது, பேனாக்கூடு கவிழ்ந்தது.

“யோவ், உடைச்சிடாதய்யா! தள்ளு!” அண்ணன் அவரை விலக்கிவிட்டு நாற்காலியில் அமர்ந்தார். குதிகாலை உயர்த்தி முழங்காலால் அடிப்பலகையை ஓர் எத்து எத்தி, அதே நொடியில் இழுத்தார். இழுப்பறை வெண்ணெயாய் வழுக்கி வந்தது.

“எட்டிக்கூடப் பாக்காத மேசைக்கு இவ்வளவு பழக்கமா?” என்றார் துப்பறிவாளர்.

“அது... ஒரு தடவை இவதான் காட்டிக்கொடுத்தா. தினமும் அப்படித்தான் திறப்பா.”

“அப்படியா? சரி. அம்மா, நீங்க உக்காருங்க.”

அண்ணன் எழுந்தார், தங்கை அமர்ந்தார். கால்கள் தரையைத் தொடவில்லை.

“முழங்காலால தூக்குங்க.”

தொடை பலகையை உரசியதேயன்றி, ஊன்றித் தூக்கத் தரை எட்டவில்லை. துப்பறிவாளர் விசையை அழுத்தி நாற்காலியைத் தாழ்த்தினார். இப்போது பாதம் தரையில் பதிந்தது. ஆனால் குதிகாலை எவ்வளவு உயர்த்தியும் முழங்கால் பலகைக்குக் கீழேயே நின்றுவிட்டது.

“ஏத்தினா தரை எட்டாது, இறக்கினா டிராயர் எட்டாது. டிராயர் திறக்கத் தெரியாத மாதிரி இவங்க நடிக்கலாம், நான் மறுக்கல. ஆனா காலை நீட்டி நடிக்க முடியாது. அடியில மெருகு தேய்ஞ்சிருக்கு, குனிஞ்சு பாருங்க. ஒரு தடவை எத்தினா மரம் அப்படித் தேயாது. நெட்டையான ஒருத்தர் நாள் தவறாம இங்க உக்காந்திருக்காரு. மேசை வந்தது அப்பாவுக்கு அப்புறம்னு நீங்களே சொன்னீங்க. வேற யாரும் உக்காரலைன்னும் நீங்களே சொன்னீங்க.”

“மரத்தைக் கொண்டுபோய்க் கோர்ட்டுல சாட்சி சொல்ல வைப்பீங்களா?” அண்ணனின் குரல் உயர்ந்தது.

“மரம் எதுக்கு? மனுஷன் இருக்காரே.” துப்பறிவாளர் சுவரோரம் திரும்பினார். “கணக்கரே, கையெழுத்து உங்களோடது. அந்தப் பழி உங்களை எப்படியும் விடாது. அதோட பொய்ச்சாட்சியும் சேரணுமா?”

கணக்கர் முகத்தைத் துடைத்துக்கொண்டார். “கையெழுத்துப் போட்ட தப்புக்கு நான் பதில் சொல்லிக்கறேன் சார். செக் புத்தகத்தை எடுத்து நீட்டினது இந்தம்மாவோட அண்ணன்தான். இதே நாற்காலியில, இதே மாதிரி ஒரு எத்து. கணக்குல பணமில்லைன்னு நான் சொன்னேன். ‘போடுய்யா, பாத்துக்கலாம்’னாரு. இந்தம்மா அப்ப இங்க வந்ததே கிடையாது. இவங்க பேர்ப்பலகை போன வாரம்தான் வந்துச்சு. மேசை பில்லுல இவங்க பேரைப் போடச் சொன்னதும் அவருதான். கோர்ட்டுலயும் இதையே சொல்றேன்.”

அண்ணன் தங்கையைப் பார்த்தார். குரல் தணிந்திருந்தது. “பொம்பளைன்னா இரக்கப்பட்டு விட்டுருவாங்கன்னு நெனச்சேம்மா. எனக்குக் குடும்பம்...”

“எனக்கு மட்டும் குடும்பம் இல்லையா?”

தங்கை எழுந்தார். தம் பெயர்ப்பலகையை எடுத்துக் கைப்பையில் போட்டுக்கொண்டார். இழுப்பறை வாய் திறந்தபடியே கிடந்தது. அதைத் தள்ளிப் பார்த்தார். பாதியில் சிக்கி நின்றது.

“மூடறதுக்கும் ஒரு எத்து இருக்கும் போல. நீயே மூடிடுண்ணா” என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினார்.