தொகியேவுக்குப் பேசிய குரல்

முதலில் தப்பாகப் பட்டது ஒரே ஒரு வரிதான்.

ஒசாகாவின் ஒரு படக் கொட்டகையில் மதியக் காட்சி. புகையிலைப் புகையும் நனைந்த மரச் செருப்புகளின் வாடையும் சுட்ட அரிசி அப்பளத்தின் மணமும் கலந்து கிடந்த இருட்டில், சால்வையால் முகத்தைப் பாதி மறைத்துக் கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தாள் தொகியே. திரையில் சாகக் கிடந்தவளும் அவள்தான். ஒன்பது படம் நடித்தாயிற்று. கொட்டகை வாசலில் பெயர் எழுதி நட்டிருந்த விளம்பரக் கொடிகளில் ஒன்றில்கூட அவள் பெயர் இல்லை. எல்லாவற்றிலும் ரான்சுய், ரான்சுய்! ஊமைப் படத்துக்குத் திரையோரம் நின்று குரல் கொடுக்கிற பென்ஷி அவன். மீசை வைத்த ஆண்பிள்ளை பெண்குரலில் விம்மினால் ஊரே உருகியது.

பக்கத்துக்காரி மூக்கைச் சிந்தினாள். "என்ன குரலு பாருங்கக்கா! அந்தப் பொம்பளை யாரோ எவளோ. இவர் பேசலைன்னா அவளை எவன் பார்ப்பான்?"

சாவுக் காட்சியில் எழுந்து நின்று, அது நான்தான் என்று பெயரைக் கத்திச் சொல்லிவிட வேண்டும். அதற்காகவே வந்திருந்தாள் தொகியே.

"என் பங்கைத் தின்னுற வாய் அழுகிப் போகட்டும்" என்றது ரான்சுய்யின் பெண்குரல்.

கதையில் அப்படி வரியே கிடையாது. யாருக்கும் கேட்காது என்ற தைரியத்தில், படம் பிடித்த அன்று அவளாக முணுமுணுத்தது அது. காமிராவின் கடகடப்பில் இயக்குநருக்கே கேட்கவில்லை. உதட்டசைவைப் பார்த்துப் பிடித்திருப்பான், கெட்டிக்காரன், என்று சமாதானம் சொல்லிக்கொண்டாள்.

"கொடியில என் பேரு எங்கே?"

திரையில் அவள் உதடு மூடியிருந்தது. இதை அவள் வாய்விட்டு யாரிடமும் கேட்டதில்லை.

மேடையின் சிறு விளக்கடியில் ரான்சுய் தேநீர்க் கிண்ணத்தை வாயில் வைத்திருந்தான். குடித்துக்கொண்டிருந்தான்.

"கடைசி வரிசையில இருக்கேன்" என்றது குரல்.

கிண்ணம் கீழே விழுந்து உடைந்தது. அவன் முகம் வெளிறியது. அவனும் பயந்திருந்தான்.

தொகியே எழுந்தாள். வாயைத் திறந்தாள். பெயரைக் கத்தினாள்.

சத்தம் வரவில்லை.

"தொகியே!" திரையிலிருந்து வந்தது. "நான் தொகியே!"

கொட்டகை அதிரக் கைதட்டல்.

"உக்காருங்கக்கா, மறைக்குது!" பக்கத்துக்காரி கண்ணீரோடு அவள் கையைப் பிடித்து இழுத்தாள்.

ரான்சுய் இரண்டு கையாலும் தன் வாயைப் பொத்திக்கொண்டிருந்தான். குரல் நிற்கவில்லை. அழுதது. சிரித்தது. தொகியேவின் வாய் ஒவ்வொரு சொல்லுக்கும் அசைந்துகொண்டே இருந்தது. மூட முயன்றாள். அசைந்தது.