நாலு விரற்கடை இடைவெளி

"ஐயோ... எம்புள்ளை!"

அலறல் எழவு வீட்டுக்குள்ளிருந்து வரவில்லை... வாசலில் நின்ற மோட்டார் காரிலிருந்து வந்தது!

ஆவுடையார்கோவில். 1938. சித்திரை மாதத்து உச்சி வெயில்.

ஏட்டு மரியசெல்வம் சைக்கிளைப் போட்டுவிட்டு ஓடினார். திறந்த கதவு வழியே அடுப்பு போல அனல் அடித்தது. பின்சீட்டில் ஒரு வயதுப் பெண் குழந்தை... உயிரில்லை! நாலு கண்ணாடியும் இறுக ஏறியிருந்தன. அவர் வீட்டிலும் அதே வயதில் ஒன்று உண்டு.

தாய் கண்ணாத்தாள் குழந்தையை வாரி மடியில் போட்டுக்கொண்டாள்.

தகப்பன் ஆத்மநாதனோ டிரைவர் சோலையப்பனின் சட்டையைப் பிடித்திருந்தார்.

"எழவு வீட்டுக்குள்ள பச்சப்புள்ளையைக் கொண்டு போகக் கூடாதுன்னு இவன்கிட்ட விட்டுட்டுப் போனோம் ஏட்டையா. மூடிவச்சுக் கொன்னுட்டான்."

"இல்லைங்க... வேப்பமர நெழல்லதான் நிறுத்துனேன். கண்ணாடியை நாலு விரக்கடை எறக்கித்தான் வச்சிருந்தேன். முதலாளிதான் கோடித்துணி வாங்கியாரச் சொன்னாங்க..."

"நெழல் நகந்துருச்சு. சரி... கண்ணாடியை ஏத்துனது யாரு?" என்றார் ஏட்டு.

சோலையப்பனின் பார்வை ஒரு கணம் கண்ணாத்தாள் பக்கம் போய்த் திரும்பியது.

"நாந்தாங்க. ஏத்திட்டுத்தான் போனேன்."

பொய்!

ஏட்டுக்குப் புரிந்துவிட்டது. அந்தத் தாயிடம் இதை எந்த வாயால் சொல்வது? நோட்டில் சோலையப்பன் பெயரை எழுதினார்.

"நட."

"அவரை விடுங்க..." கண்ணாத்தாளின் குரல். "நடுவுல வந்து பாத்தேன். தூங்கிட்டு இருந்தா. எழவு வீட்டுக் காத்து படக் கூடாதுன்னு நாந்தான் நாலையும் ஏத்துனேன். காத்தே படலையே ஏட்டையா... பெறகு எதுல செத்தா?"

ஆத்மநாதனின் கை தானாகச் சட்டையை விட்டது.

ஏட்டு அவள் அருகே குந்தினார்.

"வெயில்ல நிக்கிற காருக்குள்ள சூடு ஏறிக்கிட்டே போகும் தாயி. அரை மணி நேரம் போதும். நாலு விரக்கடை தெறந்து கெடந்திருந்தாலும் இந்த வெயிலுக்குப் பத்தாமத்தான் போயிருக்கும். ஒங்களால இல்லை..."

அவள் குழந்தையின் நெற்றி வியர்வையைத் துடைத்துக்கொண்டே இருந்தாள்.

ஏட்டு எழுந்து நோட்டிலிருந்த பெயரை அடிக்கப் போனார்.

சோலையப்பன் அவர் கையைப் பிடித்துக்கொண்டான். கண்ணீர் வழிந்தது.

"எம்பேரே இருக்கட்டும் ஏட்டையா... பெத்தவங்க பேரு வேணாம். வெயிலுக்கா வெலங்கு மாட்டப் போறீங்க?"