முதல்தர மனச்சாலை

மதியம் சாப்பிட்ட தட்டைக் கழுவிக் கவிழ்த்ததும் ராசக்கனி பாயை விரித்தாள். காதுக்குப் பின்னால் பதித்திருந்த சிறு மூடியைத் திறந்து, போக்குவரத்துக்குத் தன் மனத்தை விட்டுவிட்டுத் தூங்கிப்போனாள். தூத்துக்குடியில் அப்போது பாதித் தெரு இப்படித்தான் மதியத் தூக்கத்தை வாடகைக்கு விட்டிருந்தது. மாடி அறையை விடுகிற மாதிரிதான், வேறொன்றும் பெரிய விஷயமில்லை.

செவ்வாய்க் குடியிருப்பில் யாருக்கும் கனவு வருவதில்லை. சுவாசிக்கிற காற்றின் கோளாறு என்றார்கள். கனவில்லாமல் மனிதர்களுக்குக் கிறுக்குப் பிடித்தது. அதனால் பூமியிலிருந்து கனவுச் சரக்கு போனது: மழை, மாம்பழ வாசனை, தெருநாய்களின் குரைப்பு. கருவியில் பதிந்து அனுப்பலாமே என்பீர்கள். பதிந்தால் பால்போலத் திரிந்துவிடும். தன் வீட்டில் தூங்குகிற ஒருவர் கனவிலேயே மூட்டையைத் தூக்கிக்கொண்டு, அடுத்தவர் மனம், அதற்கடுத்தவர் மனம் என்று நடந்தே கடத்த வேண்டும். கடைசியில் அது செவ்வாய்க்கு எப்படித் தாவுகிறது என்று மட்டும் என்னைக் கேட்காதீர்கள், எனக்கே விளங்கவில்லை.

எல்லார் மனமும் சாலைக்கு ஆகாது. ஒருவர் கனவில் கல்யாணப் பந்தி நடக்கும். இன்னொருவர் கனவில் செத்துப்போன மாமியார் வழியை மறித்துச் சண்டை பிடிப்பாள். ராசக்கனியின் கனவோ கண்ணுக்கெட்டிய மட்டும் உப்பளம், நடுவே நேராக ஒரு மண்பாதை. ஈ காக்கை கிடையாது. துறைமுகத்தில் காலமெல்லாம் பாரந்தூக்கியின் உச்சிக் கூண்டில் தனியாக வேலை பார்த்தவள் அவள்; புருஷன் போய்ச் சேர்ந்தபிறகு வீட்டிலும் தனி. ஆளில்லாத மனம் என்று முகத்துக்கு நேரே சொன்னால் மரியாதையாக இருக்காது என்று, சாலைக் கழகம் ‘முதல்தரம்’ எனச் சான்றிதழ் கொடுத்தது. அவளும் அதைப் பெருமையாகச் சுவரில் மாட்டிவைத்தாள், பாவம்.

சுமைகாரர்கள் கனவுக்காரரிடம் பேசக் கூடாது என்பது கழகத்தின் கட்டளை. அதை முதலில் மீறியவள் மரியபாக்கியம். தலையில் மழை மூட்டையோடு வந்தவள், வெயில் தாங்காமல் நின்றுவிட்டாள்.

“யக்கா, ஒங்க கனவுல ஒரு நெழலு கூடவா கெடையாது?”

“இதுவரைக்கும் யாரும் கேக்கலியே. இருங்க, பாக்கேன்,” என்றாள் ராசக்கனி. நினைத்த மாத்திரத்தில் பாதையோரம் ஒரு பூவரசு முளைத்தது.

அதற்குப் பிறகு தினமும் பேச்சுத்தான். புருஷன் உயிர் போகும்போது தான் கூண்டில் இருந்ததையும், இறங்கி வருவதற்குள் எல்லாம் முடிந்துபோனதையும் ராசக்கனி சொன்னாள். அதுவரை அவள் யாரிடமும் சொன்னதில்லை. மரியபாக்கியம் அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். தன் வீட்டிலும் ஒருத்தரும் இல்லை, நாலு மனுஷரைப் பார்க்கலாம் என்றுதான் சுமக்கவே வந்ததாகச் சொன்னாள். மதியம் எப்போது வரும் என்று ராசக்கனி காலையிலிருந்தே தவிக்கத் தொடங்கினாள்.

பேசப் பேச மனம் சும்மா இருக்குமா? மரத்தடியில் டீக்கடை வந்தது. கோழி மேய்ந்தது. பாதை டீக்கடைப் பக்கம் வளைந்தது. மற்றச் சுமைகாரர்களும் உட்கார்ந்து கதையடித்தார்கள். மழை அங்கேயே ஒழுகிப்போய், செவ்வாய்க்கு வெறும் ஈரச் சாக்குதான் போய்ச் சேர்ந்தது. கழகம் விசாரித்துவிட்டு, ஆள் நடமாட்டம் மிகுந்த மனம், நாளை முதல் சாலை மூடப்படும் என்று அறிவித்தது.

“இனி எனக்கு யாரு இருக்கா?” என்று ராசக்கனி கனவிலேயே விம்மினாள்.

“அழாதிய யக்கா. முழிச்சிருக்கும்போது நான் வாரேன். வீடு எங்கன?”

“மில்லர்புரம். பஸ் ஸ்டாப்புக்கு நேர் எதுத்தாப்புல.”

“நான் திரேஸ்புரம்லா. ஒரே பஸ்ஸுதான்.”

உள்ளங்கையில் பதித்திருந்த கைத்திரையின் எண்ணையும் மாற்றிக்கொண்டார்கள். விதிப்படி அது பெரிய குற்றம். இரண்டு பேரும் அதைப் பற்றிக் கவலைப்படவில்லை.

மறுநாள் ராசக்கனி வீட்டைப் பெருக்கி, தின்னக் கொடுக்க மக்ரூன் வாங்கிவைத்து, வாசலையே பார்த்துக்கொண்டிருந்தாள். மரியபாக்கியம் வந்தாள். கனவில் பார்த்த அதே முகம்தான்.

“வாங்க.”

“ம், வந்தேன்.”

“உக்காருங்க.”

உட்கார்ந்தாள். மின்விசிறி சுற்றியது.

“வீடு நல்லா காத்தோட்டமா இருக்கு,” என்றாள் மரியபாக்கியம்.

“ஆமா. கடல்காத்து.”

அதோடு சரி. கையைப் பிடித்து அழுதவளிடம், டீக்குச் சர்க்கரை போடலாமா என்று கேட்கக்கூட ராசக்கனிக்கு நாக்கு எழவில்லை. வெட்கமாகவும் துக்கமாகவும் இருந்தது. மரியபாக்கியம் மெல்ல உள்ளங்கையை விரித்து, தோலுக்கடியில் ஒளிர்ந்த திரையைப் பார்த்தாள். அப்பாடா என்று ராசக்கனியும் தன் கையைப் பார்த்தாள். 

“பஸ்ஸு வந்துரும். வாரேன்.”

“சரி.”

கதவைச் சாத்தியதும் ராசக்கனிக்கு அழுகை முட்டியது. இருந்த ஒரே ஆளும் போச்சே. அப்போது உள்ளங்கைத் திரை சிலிர்த்தது.

‘யக்கா, என்னென்னமோ பேசணும்னு வந்தேன். ஒங்கள நேர்ல பாத்ததும் வாயே வரல.’

ஜன்னல் வழியாகப் பார்த்தாள். எதிரே நிறுத்தத்தில் மரியபாக்கியம் தலையைக் குனிந்து நின்றிருந்தாள். ஒரு குரல் கொடுத்தால் திரும்பிவிடுவாள். ராசக்கனி சுவரில் சாய்ந்து சௌகரியமாக உட்கார்ந்துகொண்டு, ‘எனக்கும் அப்படித்தான் தாயி’ என்று எழுதினாள்.

பிறகு கேட்க வேண்டுமா? ஊர்க்கதை, உலகக்கதை எல்லாம் வந்து கொட்டியது. திரேஸ்புரம் பஸ் வந்து நின்றது, போனது. அடுத்ததும் போனது. மரியபாக்கியம் நிமிரவில்லை. ராசக்கனி தன் கையைப் பார்த்துத் தனியாகச் சிரித்துக்கொண்டிருந்தாள். மனசு நிறைந்துபோய் எழுதினாள்:

‘ஒருநா வீட்டுக்கு வாங்களேன். ஆற அமர உக்காந்து பேசலாம்.’

‘கண்டிப்பா வாரேன் யக்கா.’