குரல் தங்கிய வீடு

குரல்வளையை எடுத்துவிட்டு, கழுத்தில் கட்டோடு ஆஸ்பத்திரியிலிருந்து அனுப்பிய அன்று, குமரகுருபரன் திருநெல்வேலியில் பஸ் ஏறி மதியம் சேரன்மகாதேவியில் இறங்கினார். தம்பியை வரவேண்டாம் என்று சைகை காட்டிவிட்டார். ஆரம்பத்தில் ஆஸ்பத்திரிக்கு வந்து அழுதுவிட்டுப் போன மனைவி கோமு, அப்புறம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. அவளுக்கு உடம்புக்கு முடியவில்லை போலும் என்று தமக்குத் தாமே சமாதானம் சொல்லிக்கொண்டு நடந்தார்.

வயல் காற்றில் சேற்று வாசனை. வீட்டு வாசலில் நின்றார்.

உள்ளே யாரோ பேசினார்கள்.

அவருடைய குரல்.

பள்ளிக்கூட ஆண்டுவிழா, கோயில் கொடை என்று காலமெல்லாம் மடியில் வைத்துப் பேசவைத்த பொம்மை கிட்டு, அவர் நாற்காலியில் இருந்தது. மேடையில் அதற்குக் கீச்சுக்குரல்தான் கொடுப்பார். இப்போது அதன் வாயிலிருந்து வந்தது, வீட்டில் அவர் கோமுவைக் கூப்பிடும் குரல். எதிரே அவள் கீரை ஆய்ந்தபடி சிரித்துக்கொண்டிருந்தாள். வளர்த்த கடா மார்பில் பாயும் என்பார்கள். இந்தக் கடாவுக்கு மார்பு போதவில்லை, தொண்டையே வேண்டியிருந்தது.

அவரைப் பார்த்துக் கோமு பதறவில்லை.

"ஒங்க கொரலு போயிட்டுதேன்னு அழுதுக்கிட்டே கெடந்தேன்," என்றாள் பைய. "அது இங்கனதான் இருக்கு."

நான் இங்கே இருக்கிறேன் என்று அவர் தம் மார்பில் அடித்துக் காட்டினார். அவள் பார்வை கிட்டுவின் வாயை விட்டு நகரவில்லை. இத்தனை வருஷம் குடும்பம் நடத்தியவளுக்கு அவர் வேண்டியிருக்கவில்லை, அவருடைய சத்தம்தான் வேண்டியிருந்தது என்று தெரிந்தபோது, அறுத்த இடத்தைவிட அது அதிகமாக வலித்தது.

பொம்மையைப் பிடுங்கிக்கொண்டு ஆற்றுக்குப் போனார். கல்லைக் கட்டி ஆழத்தில் விட்டார்.

குமிழிகள் வந்தன. நின்றன.

வெகுநேரம் கரையிலேயே உட்கார்ந்திருந்துவிட்டு, பொழுது சாயத் திரும்பினார். வாசற்படியில் ஆற்று மணலும் ஈரமும். கதவு உள்ளே தாழிட்டிருந்தது.

தட்டினார்.

"கோமு, வாசல்ல யாரு?" என்று அவர் குரல் உள்ளே கேட்டது.

ஜன்னல் திறந்தது. கோமு அவர் முகத்தைப் பார்த்தாள். கழுத்துக் கட்டைப் பார்த்தாள். அவளுக்குக் கண் கலங்கியது.

"யாருமில்லங்க," என்று உள்பக்கம் திரும்பிச் சொல்லிவிட்டு, ஜன்னலைச் சாத்தினாள்.