ஊமைக் கட்டையும் பரமண்டல ஜெபமும்

"அண்ணா, நான் களவாணியாம்! ஞாயிற்றுக்கிழமை சபை முன்னால மன்னிப்புக் கேக்கணுமாம். இல்லேன்னா பாடகர் குழுவில இடமில்லையாம்!"

சபைப் பாடகி தங்கபாய் செருப்பைக்கூடக் கழற்றாமல் வந்து நின்றாள். திருவிதாங்கூர் போலீசில் சேர்ந்து, அது திரு-கொச்சி ஆன பிறகு ஓய்வு பெற்ற ரசலையன் நிதானமாக நாற்காலியைக் காட்டினார். அவருடைய சொந்தத் தங்கை சத்தியபாய்க்கு அந்த நிதானமே எரிச்சல். துப்பு என்றால் அண்ணனுக்கு முன்னால் ஓடுகிறவள். கோபம் அவளுக்கும் முன்னால் ஓடும்.

விஷயம் இதுதான். இயேசு கற்றுக்கொடுத்த பரமண்டல ஜெபத்துக்கு நாலு குரலில் புது மெட்டுப் போட்டு, தன் வீட்டில் வைத்துப் பெண்களுக்குச் சொல்லிக்கொடுத்தாள் தங்கபாய். சபையின் பாட்டு வாத்தியார் குமாரதாஸோ மெட்டு தன்னுடையது, இவள்தான் திருடிவிட்டாள் என்று சபைப் பெரியவரான மூப்பரிடம் சொல்லிவிட்டார்.

"அந்த ஆளு நாக்கு அழுகிப்போகாதா!" என்றாள் சத்தியபாய்.

"ஏட்டி, சும்மா இரி," என்று அதட்டினார் ரசலையன். "தங்கபாய், மெட்டை எழுதி வச்சிருக்கியா?"

"எங்க எழுத? ஆர்மோனியத்தில வாசிச்சு வாசிச்சே போட்டேன்."

குழித்துறை ஆற்றங்கரையில் இருந்த அவள் வீட்டுக்குப் போனார்கள். ரசலையன், தெருப் பக்கச் சன்னலோரம் இருந்த ஆர்மோனியப் பெட்டியில் ஒவ்வொரு கட்டையாக அமுக்கிப் பார்த்தார். நடுவில் ஒன்று ஊமையாக இருந்தது.

"இது எப்பமிருந்து?"

"அப்பா வாங்கினதிலேருந்தே. எனக்குக் கை பழகிப்போச்சு."

சனிக்கிழமை கோவிலில் நடந்த ஒத்திகைக்கு மூவரும் போனார்கள்; மூப்பர் சிலுவைதாசனும் வந்திருந்தார். குமாரதாஸ் கையை வீச, ஜெபம் எழும்பியது. சத்தியபாய்க்கு உடம்பு சிலிர்த்தது. இவ்வளவு நல்ல பாட்டை அல்லவா தூக்கிவிட்டான் பாவி என்று முணுமுணுத்தாள்.

"வாத்தியாரே," என்றார் ரசலையன், "மெட்டு மீயிலேருந்து சோவுக்குத் தாவுது. நடுவில உள்ள ஃபாங்கிற சுரம் ஒரு இடத்திலயும் வரலியே, ஏன்?"

குமாரதாஸ் சிரித்தார். "அதுதான் புது பாணி. ராப்பகலா யோசிச்சுதான் அதை விட்டுட்டேன். ஃபா வந்தா பக்தி போயிரும்."

ரசலையன் தங்கபாயின் பெட்டியைக் கொண்டுவரச் சொன்னார். அவள் அதே சுருதியில் அதே மெட்டை வாசித்தாள். முடிந்ததும் அவர் ஃபாவை அமுக்கினார். காற்றுதான் வந்தது.

"இந்தக் கட்டை பாடாது. அதனால மெட்டுப் போட்டவ இதைத் தாண்டினா. உங்க சபை ஆர்கன்ல எல்லாக் கட்டையும் பாடுது. நீரு எதுக்குத் தாண்டணும்? இவ வீட்டுச் சன்னல் பக்கம் நீரு நின்னு கேட்டதை அப்படியே எடுத்துட்டு வந்தீரு. பெட்டியோட கோளாறையும் பாட்டுன்னு நினைச்சீரு."

"தற்செயல்!" குமாரதாஸின் குரல் கீச்சிட்டது.

தங்கபாய் எழுந்து சபை ஆர்கன் முன்னால் உட்கார்ந்தாள். "எனக்கு அந்த இடத்தில எப்பவும் ஃபாதான் கேக்கும். பெட்டிதான் தரல்ல." வாசித்தாள். தாவிப் போன இடமெல்லாம் நிரம்பி, பாட்டு இப்போதுதான் முழுசானது. பாடகர்கள் குமாரதாஸைத் திரும்பிப் பார்த்தார்கள். அவர் தலை குனிந்தது.

மூப்பர் கனைத்தார். "தங்கபாய், மன்னிக்கணும்னு இந்த ஜெபத்திலேயே இருக்கு. வாத்தியாரை விட்டிரு."

சத்தியபாய் வாயைத் திறப்பதற்குள் தங்கபாய் எழுந்துவிட்டாள்.

"அந்த வரிக்கு மெட்டுப் போட்டவ நான், மூப்பரே! எனக்கு நீங்க அதைப் படிச்சுத் தர வேண்டாம். என்னைக் களவாணின்னு சொன்னப்போ இந்த வரி எங்க போச்சு? நாளைக்கு சபை முன்னால அவரு வாயைத் திறந்து உண்மையைச் சொல்லட்டும். மன்னிக்கிறதைப் பற்றி அதுக்கப்புறம் நான் ஆண்டவர்கிட்ட பேசிக்கிடுதேன்."